மூன்றாம் வகுப்பு மகன் பாடத்தை மளமளவென்று வாசிக்கிறான், கதைப் புத்தகம் கொடுத்தால் திணறுகிறான். வீட்டிலேயே எப்படிச் சோதிப்பது?

பாடம் அவனுக்கு மனப்பாடமாகியிருக்கும். தினமும் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக்கொடுப்பீர்கள் என்று நினைக்கிறேன்.

நான் தமிழக அரசின் இல்லம் தேடிக் கல்வித் திட்டத்தில் தன்னார்வலராக மாலை வகுப்பு எடுத்தவள். பி.எட். எல்லாம் கிடையாது, நிபுணர்கள் சண்டைக்கு வர வேண்டாம். அங்கே வந்த ஒரு பெண்ணும் மூன்றாம் வகுப்புதான். "பாப்பா நல்லாப் படிக்கும் மிஸ்" என்று அவள் அம்மா சொல்லிவிட்டுப் போனார். அவளும் பாட்டு மாதிரி ஒப்பித்தாள். வரியின் நடுவில் ஒரு சொல்லைத் தொட்டு, "இது என்ன?" என்றேன். வரியை முதலிலிருந்து முணுமுணுத்துக்கொண்டே வந்து அந்தச் சொல்லில் நின்றாள்!

புத்தகத்தை மூடிவிட்டு 'படம்', 'மரம்' என்று எழுதினேன், வாசித்தாள். 'கொடி' என்று எழுதினால் 'கெடி' என்றாள். கொம்பு முன்னால், கால் பின்னால், நடுவில் க. பின்னால் நின்ற காலை அவள் கவனிக்கவே இல்லை. 247 எழுத்தையும் வரிசையாகச் சொல்பவள், வரிசையைக் கலைத்தால் போச்சு. அதனால் கெ, கே, கை, கொ, கோ அட்டைகளைக் கலைத்துக் கலைத்துப் போட்டோம். அப்புறம் அவள் தோழிகளின் பெயர்களை எழுதிப் படிக்கவைத்தேன். அதில்தான் பிடித்துக்கொண்டாள்.

மாதம் ஆயிரம் ரூபாய் ஊக்கத்தொகைக்கு இந்தப் பாடா என்று என்னைக் கேட்ட சொந்தக்காரர் ஒருவர் உண்டு. அவர் பேரனுக்கு அபாகஸ் வகுப்புக்குக் கொட்டிக் கொடுக்கிறார், அதை யாரும் கேட்பதில்லை.

சரி, உங்கள் விஷயம். பிரதம் என்ற கல்வித் தொண்டு அமைப்பு, பிள்ளைகளின் வாசிப்பையும் கணக்கையும் வீடு வீடாகப் போய்ச் சோதிக்க 2005 முதல் நடத்தும் ஏசர் (ASER) ஆய்வின் வாசிப்புத் தாள் தமிழிலும் இருக்கிறது. எழுத்து, சொல், ஒன்றாம் வகுப்பு அளவில் ஒரு பத்தி, இரண்டாம் வகுப்பு அளவில் ஒரு கதை, அவ்வளவுதான். அவன் பார்க்காத தாளாக இருக்க வேண்டும். எங்கே நிற்கிறானோ அங்கிருந்து தொடங்குங்கள், அவன் வகுப்புப் பாடத்திலிருந்து அல்ல. கதையை வாசித்து முடித்தால், என்ன நடந்தது என்று அவன் பேச்சிலேயே சொல்லச் சொல்லுங்கள். வாய் வாசித்து மனசில் ஏறாத பிள்ளைகளும் உண்டு. திட்டுவதற்கு முன் கண் பரிசோதனையும் செய்துவிடுங்கள்.

'பழம்' என்பதை 'பளம்' என்று வாசித்தால் இப்போதைக்குத் தப்பில் சேர்க்காதீர்கள். தமிழாசிரியர்கள் கோபித்துக்கொள்ளட்டும், பரவாயில்லை.