கரீபியன் தீவு நாடான டொமினிக்காவின் யூஜீனியா சார்ல்ஸ் வழக்கறிஞர் தொழிலை விட்டு அரசியலுக்கு ஏன் வந்தார்?

சுருக்கமாகச் சொன்னால், ஒரு சட்டம்தான் அவரை இழுத்து வந்தது.

லண்டனில் சட்டம் படித்துவிட்டு 1949-இல் ஊர் திரும்பியவர், அந்தத் தீவின் முதல் பெண் வழக்கறிஞர். தலைநகர் ரோசோவில் நன்றாக ஓடிக்கொண்டிருந்த தொழில். பத்திரிகைகளுக்கு அரசை விமர்சித்து எழுதவும் செய்தார். 1968-இல் அரசு, எதிர்ப்பு எழுத்துகளை ஒடுக்க ராஜதுரோகச் சட்டம் கொண்டுவந்தது. 'வாயை மூடு சட்டம்' என்றே மக்கள் அதை அழைத்தார்கள். அதை எதிர்த்த கூட்டங்களில் பேசப்போனவர், டொமினிக்கா சுதந்திரக் கட்சியைத் தொடங்கியவர்களில் ஒருவரானார். அப்போது வயது 49.

1970-இல் சட்டமன்றம், 1975-இல் எதிர்க்கட்சித் தலைவர். 1978-இல் நாடு விடுதலை பெற்றது. அடுத்த ஆண்டே அரசு கவிழ்ந்தது, அப்புறம் டேவிட் சூறாவளி தீவையே புரட்டிப் போட்டது. அந்த இடிபாடுகளுக்கு நடுவே 1980 தேர்தலில் வென்று, ஆங்கிலம் பேசும் கரீபியன் நாடுகளின் முதல் பெண் பிரதமரானார்.

1981-இல் அவரைக் கவிழ்க்கச் சதி நடந்தது. அமெரிக்காவிலிருந்து கப்பலேறவிருந்த கூலிப்படையினர் நியூ ஆர்லியன்ஸ் அருகே பிடிபட்டார்கள். அவரோ தன் நாட்டின் பாதுகாப்புப் படையையே கலைத்துவிட்டார். அவருடைய துணிச்சலுக்கு இதைவிடப் பெரிய சான்று எனக்குத் தெரியவில்லை.

1983-இல் கிரெனடா மீதான அமெரிக்கப் படையெடுப்பை அந்நாட்டு அதிபர் ரேகன் அறிவித்தபோது, அவர் பக்கத்தில் நின்றவரும் இவரே. கருத்துரிமைக்காக அரசியலுக்கு வந்தவர் இன்னொரு நாட்டுக்குள் படை புக ஆதரவளித்ததை என்னால் ஏற்க முடியவில்லை. ஆனால் உள்ளூர் வாக்காளர்கள் அவரைக் கைவிடவில்லை. 1985, 1990 தேர்தல்களிலும் வென்று, 1995 வரை பதவியில் இருந்தார்.