பழைய பாடலை ஆப்ரோ ஹவுஸாக்கினால் குரல் ஏன் நழுவுகிறது?

கேள்வி: பாலக்கோட்டில் ஒலி, ஒளி அமைப்புத் தொழில் செய்கிறேன். 1960-களில் வந்த மெல்லிய காதல் பாடல் ஒன்றின் குரலை மட்டும் பிரித்தெடுத்து, திருமண வரவேற்புக்காக ஆப்ரோ ஹவுஸ் (ஆப்பிரிக்கத் தாளங்கள் கலந்த நடன இசை) தாளத்தில் ரீமிக்ஸ் செய்தேன். முதல் சரணம் முடிவதற்குள் குரல் தாளத்தை விட்டு விலகிவிடுகிறது. வேகத்தைக் கூட்டினால் குரலே கெடுகிறது. என்ன செய்வது?

பதில்: அந்தக் காலத்தில் பாடகரும் வாத்தியக் குழுவினரும் பெரும்பாலும் ஒன்றாக அமர்ந்து, வேகத்தைச் சீராகக் காட்டும் மெட்ரோனோம் துணையின்றிப் பதிவு செய்தார்கள் என்பதால், பல்லவியின் வேகமும் சரணத்தின் வேகமும் ஒன்றாக இருப்பதில்லை. மென்பொருள் தானாகக் கணிக்கும் ஒற்றை வேகத்தை நம்பினால் குரல் விலகத்தான் செய்யும். ஏபிள்டன் லைவ் என்ற இசை மென்பொருளில், ஒலியின் ஓர் இடத்தைத் தாளத்தின் ஓர் இடத்தோடு பிணைக்கும் வார்ப் குறிகளை நீங்களே கையால் இடுங்கள். அதையும் பிரித்தெடுத்த குரலில் இடாமல், தபலாவோ பாங்கோவோ தெளிவாகக் கேட்கும் முழுப் பாடலில் இட்டு, அதே குறிகளைக் குரலுக்கும் பொருத்துங்கள்.

ஒவ்வோர் ஆவர்த்தத்தின் (தாளச் சுற்றின்) தொடக்கத்துக்கும் ஒரு குறி போதும். எழுத்துக்கு எழுத்து ஆணியடிக்க வேண்டாம். பி.பி.ஸ்ரீநிவாஸ், ஏ.எம்.ராஜா போன்றோர் மைக்கை நம்பி மெல்லப் பாடியவர்கள். அந்தப் பாணியில் சொல் தாளத்துக்கு இம்மியளவு பிந்தி வந்து இறங்குவதுதான் அழகு. அதைத் திருத்திவிட்டால் பாட்டில் மிஞ்சுவது வரிகள் மட்டுமே.

ஆப்ரோ ஹவுஸ் பெரும்பாலும் 118 முதல் 124 பிபிஎம்-க்குள் (நிமிடத்துக்கு இத்தனை அடிகள் என்ற கணக்கு) நடக்கும். உங்கள் பாடல் 58 பிபிஎம் என்றால் 60-க்கு உயர்த்தி, ஓர் அடிக்கு இரண்டு கிக் (கனத்த டிரம் அடி) வைக்கலாம். மூன்றரை விழுக்காட்டு மாற்றம் காதுக்கு உறுத்தாது. 80-ஐ 120-க்கு இழுப்பது மட்டும் வேண்டாம். எந்த மென்பொருளாலும் அந்தக் குரலைக் காப்பாற்ற முடியாது. வேறு பாடலைத் தேர்ந்தெடுப்பதே நல்லது.

பாடல் திஸ்ர நடையில் (ஓர் அடி மூன்றாகப் பிரியும் நடை), 112 பிபிஎம் அளவில் இருந்தால் உங்களுக்கு யோகம்தான். 118-க்கு உயர்த்தி, ஒவ்வொரு கிக்குக்கும் ஷேக்கரையும் (குலுக்கும் தாளக் கருவி) காங்கோ முழவையும் மும்மூன்றாக ஓடவிடுங்கள். ஆப்பிரிக்க முழவு மரபிலேயே இந்த நடை ஊறிப்போனது. நான் கேட்கும் ரீமிக்ஸ்களில் பல, திஸ்ரப் பாட்டின் மேல் நான்கு நான்காக ஷேக்கரைப் போட்டுத்தான் கெடுகின்றன. ஜெம்பே என்ற ஆப்பிரிக்க முழவுக்குப் பதிலாக நம் பக்கத்துப் பம்பையையும் பயன்படுத்தலாம். ஆனால் அதன் கணீரென்ற ஒலி குரலின் இடத்தைப் பிடித்துக்கொள்ளும் என்பதால், வரி முடிந்து பாடகர் மூச்செடுக்கும் இடைவெளியில் மட்டும் அது பேசட்டும். குரலில் 120 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதை வெட்டிவிட்டால், பிரித்தெடுத்தபோது ஒட்டிவந்த பழைய பேஸின் மிச்சம் உங்கள் கிக்கோடு மோதாது.

திருமணம் சார்ந்த கொண்டாட்டத்தில் ஒலிபரப்புவதற்குப் பதிப்புரிமைச் சட்டம், 1957-இன் 52-ஆம் பிரிவு விலக்கு அளிக்கிறது. யூடியூபில் ஏற்றுவதற்கு அந்த விலக்கு செல்லாது. ஒலிப்பதிவின் உரிமை, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகளில் முடிந்துவிடும்; பாடல் வரிக்கும் மெட்டுக்குமான உரிமையோ படைத்தவர் மறைந்த பின்னும் 60 ஆண்டுகள் நீடிக்கும். ஆகவே, பதிவு பழையது என்பதை மட்டும் வைத்து ஏற்றிவிடாமல், உரிமையாளரிடம் எழுத்து மூலம் அனுமதி பெற்றுக்கொள்ளுங்கள்.