99 சதவீதம் போட்டால் இடைவெளி குறுகுமா?

கேள்வி: எங்கள் மாவட்டத்தில் கூட்டுறவுச் சங்கத்துக்குப் பால் ஊற்றும் 100 பேரிடம் முனைவர் பட்ட ஆய்வுக்காகப் பேசினேன். 60 பேர் தனியாருக்கு மாற மாட்டோம் என்றார்கள். 95 சதவீத நம்பிக்கை இடைவெளி, அதாவது எல்லோரிடமும் கேட்டிருந்தால் வரும் உண்மையான சதவீதம் இருக்கக்கூடிய வரம்பு, 50.4 முதல் 69.6 வரை வருகிறது. இவ்வளவு அகலம் ஆகாது, 99 சதவீதம் போட்டால் துல்லியமாகிவிடும் என்கிறார் நெறியாளர். செய்யலாமா?

வேண்டாம். 99 போட்டால் இடைவெளி இன்னும் அகலும்: 47.4 முதல் 72.6 வரை. 50 உள்ளே வந்துவிடுவதால், ‘பாதிக்கு மேற்பட்டோர் மாற மாட்டார்கள்’ என்று எழுதவே முடியாமல் போகும். உண்மையான எண் வெளியே விழுந்துவிடக் கூடாது என்று எவ்வளவு உறுதி கேட்கிறோமோ, அவ்வளவு இரண்டு பக்கமும் இடம் விட்டாக வேண்டும். ஒரு சிலரிடம் மட்டும் கேட்பதால் வரும் திட்டப் பிழையை 95-க்கு 1.96ஆல் பெருக்கி இரண்டு பக்கமும் விடுகிறோம், 99-க்கு 2.58ஆல். சரி, 90-க்கு இறக்கலாமே என்று தோன்றும். குறுகும்தான். ஆனால் விடையைப் பார்த்த பிறகு மட்டத்தை மாற்றுவது முறையல்ல. களத்துக்குப் போகும் முன்பே முடிவு செய்ய வேண்டியது அது.

குறுக்க வேண்டுமானால் ஆட்களைக் கூட்டுங்கள். அகலம் பாதியாக நான்கு மடங்கு பேர் வேண்டும். 400 பேரிடம் கேட்டு அதே 60 சதவீதம் வந்தால், 55.2 முதல் 64.8 வரை.

இங்கேதான் காசுக்கு ஆய்வு வேலை செய்து தரும் ப்ராஜெக்ட் சென்டர்காரர்கள் நுழைவார்கள். ‘டேட்டாவைக் கொடுங்க, 400 ஆக்கித் தர்றோம்’ என்பார்கள். உங்கள் 100 வரிகளையே நான்கு முறை ஒட்டி எஸ்பிஎஸ்எஸ் என்ற புள்ளியியல் மென்பொருளில் ஓட்டுவார்கள். மென்பொருளுக்கு அது தெரியாது, இடைவெளி பாதியாகிவிடும். புதிதாக ஒருவரிடம்கூட யாரும் பேசியிருக்க மாட்டார்கள். இது அப்பட்டமான மோசடி. வைவாவில் (வாய்மொழித் தேர்வில்) மூலப் படிவங்களைக் கேட்டால் மாட்டப்போவது நீங்கள், பணம் வாங்கியவர் அல்ல. கூகுள் படிவத்தை வாட்ஸ்அப் குழுக்களில் தட்டிவிடும் யோசனையும் வேண்டாம். ஆயிரம் பேர் நிரப்பினாலும் அவர்கள் பால் ஊற்றுகிறவர்கள்தானா என்று தெரியாது. தவறான எண்ணைச் சுற்றிக் குறுகிய இடைவெளி கிடைத்து என்ன பயன்?

ஆய்வுக் குழுக்கள் மீதும் எனக்குக் கோபம் உண்டு. எந்தத் தலைப்பானாலும் ‘384 பேர் இருக்கிறார்களா?’ என்பதே முதல் கேள்வி. எத்தனை பேரிடம் கேட்க வேண்டும் என்று கிரெஜ்சி, மார்கன் என்ற ஆய்வாளர்கள் 1970-இல் வெளியிட்ட அட்டவணையில் பத்து லட்சம் பேருக்கான எண் அது: 95 சதவீதம், ஐந்து புள்ளி முன்னே பின்னே, விடை பாதிக்குப் பாதி என்ற கணக்கு. இந்த ஆய்வுக்குப் பத்து புள்ளி போதுமா என்று யாரும் கேட்பதில்லை. அந்தக் கேள்வியைக் கேட்டாலே பாதி மாணவர்கள் சென்டர் வாசலுக்குப் போக மாட்டார்கள்.

ஒரு விலக்கு உண்டு, அதைக் கவனமாகப் படியுங்கள். மொத்தக் கூட்டமே சிறியதாக இருந்தால் இடைவெளி தானாகக் குறுகும். ஒரு கிராமச் சங்கத்தில் 250 உறுப்பினர்கள், அதில் 100 பேரிடம் கேட்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். மீதி 150-ஐ 249-ஆல் வகுத்து, வர்க்கமூலம் எடுத்தால் 0.78. 60-க்கு இரண்டு பக்கமும் விட்ட உங்கள் 9.6 புள்ளியை இதனால் பெருக்கினால் ஏழரை. 250 பேரிடமும் கேட்டுவிட்டால் பூஜ்யம், ஏனென்றால் ஊகிக்க எவரும் மிச்சமில்லை. ஆனால் மாவட்டத்தில் 40,000 பேர் இருந்தால் இந்தத் திருத்தத்தால் ஒன்றும் நடக்காது. இப்போதைய 100 பேர் மாவட்டம் முழுவதும் சிதறியவர்கள். அவர்களை வைத்து ஒரு சங்கத்துக்குக் கணக்குப் போடவும் கூடாது. நெறியாளர் ஒரே சங்கமாகச் சுருக்கச் சம்மதித்தால், உறுப்பினர் பதிவேட்டைப் பார்த்துக் குலுக்கல் முறையில் புதிதாக 100 பேரை எடுங்கள்.