மோட்டரை மாற்ற முன்னம் பல்பைக் கழற்றிப் பாரும்

தம்பி, கனடாவில் மார்க்கம் நகரில் எடுத்த வாடகை வீட்டில் கராஜ் ரிமோட் கதவுக்குக் கிட்டப் போனால்தான் வேலை செய்கிறது, கதவைத் திறக்கும் மோட்டரையே மாற்றச் சொல்லி வீட்டுக்காரரிடம் கேட்கவா என்று எழுதியிருந்தீர். கூடவே போன் பிளான், கார் இன்சூரன்ஸ் என்று நாலைந்து கேள்வி. அதற்கெல்லாம் ஆளுக்கொரு கதை சொல்வார்கள், வேலையிடத்தில் கேட்டுக்கொள்ளும்.

2015 தை மாதம், மைனஸ் 22. இரவு வேலை முடிந்து வந்து, டிரைவ்வேயில் நின்று அமத்தி அமத்திப் பெருவிரல் மரத்துப்போனது. பார்க்க வந்த திருத்துநர் ரிமோட்டைக் கையில்கூட வாங்கவில்லை. மோட்டர் போய்விட்டது, 650 டொலர் என்றார். பக்கத்து வீட்டு இத்தாலியக் கிழவர்தான் ஏணி வைத்து ஏறி, மோட்டரில் நான் புதிதாகப் பூட்டியிருந்த மலிவு எல்.ஈ.டி பல்புகள் இரண்டையும் கழற்றினார். தெருமுனையில் நின்று அமத்தினேன், கதவு திறந்தது!

அந்த பல்புக்குள் இருக்கும் சின்னச் சர்க்யூட் ரேடியோ இரைச்சலைக் கக்கும். ரிமோட்டும் ரேடியோ அலையில்தான் பேசுகிறது, இங்கே பெரும்பாலும் 315 அல்லது 390 மெகாஹேர்ட்ஸ். தேர்த் திருவிழாவில் ஒலிபெருக்கிக்குக் கீழே நிற்கிறவரைப் படலையில் நின்று கூப்பிட்டால் கேட்குமா? 2005இல் ஒட்டாவாவில் இந்த 390 மெகாஹேர்ட்ஸில் வந்த ஏதோ பலத்த சிக்னலால் பல வீட்டுக் கராஜ் கதவுகள் ரிமோட்டுக்கு அசையவில்லை. கராஜ் மோட்டருக்கென்றே எல்.ஈ.டி பல்ப் விற்கிறார்கள், அதைப் போடும்.

பல்ப் இல்லையென்றால் பற்றரி. பல ரிமோட்டுகளில் இருப்பது சி.ஆர். 2032 என்கிற காசு மாதிரிச் சின்னப் பற்றரி, குளிருக்குச் சோர்ந்துவிடும். அப்புறம் மோட்டரிலிருந்து தொங்கும் மெல்லிய வயர், அதுதான் அன்டெனா. சுருண்டு கிடந்தால் நேரே தொங்கவிடும். அது ஏறத்தாழ ஒரு சாண் இருப்பதும் கணக்கோடுதான், அலை நீளத்தில் கால்வாசி. எங்கட ஆக்கள் சிலர் தூரம் கூடும் என்று செப்புக் கம்பியை அதோடு முறுக்கிக் கட்டுவார்கள். கேட்டால் "நான் ஊரில் ரேடியோ திருத்தினவன்" என்பார்கள். இருந்த தூரமும் போய்விடும். அவர்கள் கராஜுக்குள் அரிசி மூட்டையும் கலியாண வீட்டுக் கதிரையும்தான் இருக்கும், கார் வெளியே பனிக்குள் நிற்கும். கதவு ஸ்பிரிங்கில் மட்டும் கைவைக்காதீர், ஆளையே அடித்துவிடும்.

1991இல் ரொறொன்ரோவில் செயின்ட் ஜேம்ஸ் டவுன் மாடிக் கட்டடம் ஒன்றில் ஓர் அறையில் ஆறு பேர் இருந்தோம். கோப்பை கழுவிவிட்டு இரவு இரண்டு மணிக்கு வந்து கீழ்வாசலில் இருக்கும் பசரை, அதாவது அழைப்பு மணியை, அமத்தினால் ஒருவரும் எழும்பமாட்டார்கள். ஒருநாள் இரண்டு கண்ணாடிக் கதவுகளுக்கு நடுவே ஒரு மணித்தியாலம் நின்றேன். நாயோடு வந்த ஒரு கிழவிதான் கதவைத் திறந்துபிடித்தார். எனக்கு அப்போது 'தாங்க்யூ' மட்டும்தான் தெரியும், அதை மூன்று தரம் சொன்னேன்.