கொக்கி எங்கே இருக்க வேண்டும்: லண்டனுக்கு வந்திருக்கும் தம்பிக்கு ஒரு பதில்

தம்பிக்கு வணக்கம்.

கோயம்புத்தூர் கணபதியில் அப்பாவின் லேத் பட்டறையில் வளர்ந்ததாகவும், சென்ற செப்டம்பரில் லண்டனுக்கு வந்து ஆடை வடிவமைப்பில் முதுகலை படிப்பதாகவும், இறுதி ஆடைத் தொகுப்பை அந்தப் பட்டறையை மனத்தில் வைத்தே செய்வதாகவும் எழுதியிருக்கிறீர்கள். படிப்பு முடிந்த கையோடு சொந்தப் பெயரில் நிறுவனம் தொடங்கலாமா, இல்லை சில ஆண்டுகள் யாரிடமாவது வேலை பார்ப்பதா என்பது உங்கள் முதல் கேள்வி. தொழிற்சாலைச் சாயல் கொண்ட உடைகளின் காலம் முடிந்துவிட்டது என்று உடன் படிக்கும் ஒருவர் சொன்னது உண்மையா என்பது இரண்டாவது. நான் திருப்பூரில் பேட்டர்ன் (துணியை வெட்டுவதற்கான தாள் அச்சு) போடக் கற்று, 2004இல் இங்கே வந்து, அன்று முதல் கிழக்கு லண்டனில் புதிய வடிவமைப்பாளர்களுக்குப் பேட்டர்ன் வெட்டிப் பிழைப்பவள். பிற்காலத்தில் பெயர் வாங்கிய சிலருடைய முதல் சாம்பிளும், இரண்டே பருவத்தில் கடையைக் கட்டிவிட்டு ஊர் திரும்பிய பலருடைய சாம்பிளும் என் மேசைக்கு வந்து போயிருக்கின்றன. மேடையில் என்ன நடக்கிறது என்பது எனக்கு அவ்வளவாகத் தெரியாது. மேசையில் என்ன நடக்கிறது என்பது தெரியும். என் பதிலை அந்த அளவில் எடுத்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது கேள்வியிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் முதல் கேள்விக்கான விடை அதற்குள்தான் இருக்கிறது. நீங்கள் அனுப்பிய படங்களில் லாரித் தார்ப்பாயில் தைத்த ஒரு கோட்டும் அதன் மேல் பதினான்கு இரும்புக் கொக்கிகளும் இருக்கின்றன. எண்ணித்தான் சொல்கிறேன். அவற்றில் எதையாவது தாங்குபவை இரண்டே இரண்டு. மற்ற பன்னிரண்டும் தொழிற்சாலையை நினைவூட்டுவதற்காகத் தொங்குகின்றன. உங்கள் வகுப்புத் தோழர் காலம் முடிந்துவிட்டது என்று சொன்னது இந்தப் பன்னிரண்டைப் பற்றியதாக இருந்தால் அவர் சொன்னது சரி. அந்த இரண்டைப் பற்றியதாக இருந்தால் தவறு.

ஜீன்ஸ் பையின் ஓரத்தில் இருக்கும் செம்பு ரிவிட்டை எடுத்துக்கொள்ளுங்கள். ஜேக்கப் டேவிஸ் என்ற தையற்காரரும் லீவை ஸ்ட்ராஸும் 1873இல் அதற்குக் காப்புரிமை பெற்றது அழகுக்காக அன்று. உழைப்பாளிகளின் கால்சட்டைப் பை திரும்பத் திரும்ப அந்த இடத்திலேயே கிழிந்தது என்பதற்காக. பின்பைகளின் ரிவிட்டுகள் குதிரைச் சேணத்தையும் நாற்காலியையும் கீறுகின்றன என்று புகார் வந்தபோது, 1937இல் அவற்றைத் துணிக்குள் மறைத்தார்கள். வேண்டிய இடத்தில் வைத்ததும் இடைஞ்சலான இடத்தில் மறைத்ததும் ஒரே அறிவின் வேலை. தார்ப்பாயை உடையாக்கும் எண்ணமும் உங்களுக்கு முன்பே ஒருவருக்கு வந்திருக்கிறது. இத்தாலியில் மாசிமோ ஓஸ்தி என்ற வடிவமைப்பாளர் 1982இல் ஸ்டோன் ஐலண்ட் என்ற ஆடை நிறுவனத்தைத் தொடங்கியது லாரித் தார்ப்பாயைப் போன்ற ஒரு துணியை வைத்துத்தான். அந்த முரட்டுத் துணியை அவர் அப்படியே விட்டுவிடவில்லை. நுரைக்கல்லோடு போட்டுத் துவைத்து, உடம்பு பொறுக்கும் பதத்துக்குக் கொண்டுவந்தார். அவருடைய வெற்றியில் பெரும்பங்கு அந்தத் துவைப்புக்கு உரியது என்பது என் கருத்து. நம் ஊர்ச் சாயப்பட்டறையில் வேலை பார்த்த யாருக்கும் இது உடனே புரியும்.

இங்கே லண்டனிலேயே கிரெய்க் கிரீன் என்ற வடிவமைப்பாளரைப் பாருங்கள். குழாய் வேலை செய்பவரின் மகன். சென்ட்ரல் செயின்ட் மார்ட்டின்ஸ் கலைக் கல்லூரியில் 2012இல் முதுகலை முடித்தார். 2014இல் வளரும் ஆண்கள் ஆடை வடிவமைப்பாளர் விருதையும், 2016 முதல் தொடர்ந்து மூன்று ஆண்டுகள் பிரிட்டனின் சிறந்த ஆண்கள் ஆடை வடிவமைப்பாளர் விருதையும் பெற்றார். மேடையில் அவர் காட்டியவை மரச்சட்டமும் கூடாரத் துணியும் கயிறுமாக இருக்கும். கடைக்குப் பருவம் தவறாமல் போனது பஞ்சு வைத்துத் தைத்த ஒரு தொழிலாளர் ஜாக்கெட். சாமுவேல் ராஸ் வேறு வழியில் வந்தவர். லெஸ்டரில் வரைகலை படித்து, அமெரிக்க வடிவமைப்பாளர் வர்ஜில் அப்லோவிடம் உதவியாளராக இருந்து, 2015 வாக்கில் அ கோல்ட் வால் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். அரசு அடுக்குமாடிக் குடியிருப்புகளின் சிமெண்ட் சுவரிலிருந்து பிறந்தது அந்தப் பெயர். 2018இல், எல்விஎம்எச் என்ற பிரெஞ்சு ஆடம்பரப் பொருள் குழுமம் இளம் வடிவமைப்பாளர்களுக்குத் தரும் பரிசின் இறுதிச் சுற்றுக்குப் போனார், அதே ஆண்டில் வளரும் வடிவமைப்பாளர் விருதும் பெற்றார். பத்தாண்டுக்குள் தம் பங்கை விற்று வெளியேறி, பொருள் வடிவமைப்பிலும் கலையிலும் கவனம் செலுத்தினார். ஒரே துறையில், ஒரே நகரத்தில், ஒருவர் ஜாக்கெட்டைப் பிடித்துக்கொண்டு நின்றார். இன்னொருவர் நிறுவனத்தைப் படியாக வைத்து ஏறிப் போனார். எது சிறந்தது என்று நான் சொல்லப் போவதில்லை. இருவருக்கும் அடியில் சோறு போடும் ஒரு கைத்தொழில் இருந்தது என்பதை மட்டும் கவனியுங்கள்.

உங்கள் அப்பாவின் பட்டறையிலிருந்து நீங்கள் கொண்டுவர வேண்டியது இரும்பின் தோற்றத்தை அன்று என்று நான் நினைக்கிறேன். ஒரே துளையை ஆயிரம் துண்டுகளில் ஒரே இடத்தில் போடுவதற்கு முதலில் ஒரு ஜிக், அதாவது துண்டைப் பிடித்து நிறுத்தித் துளையின் இடத்தைக் காட்டும் சட்டம், செய்து வைப்பாரே, அந்தப் புத்தியைக் கொண்டுவர வேண்டும். எந்த அளவு நூலிழை பிசகக் கூடாது, எந்த அளவு அரை மில்லிமீட்டர் பிசகினாலும் பரவாயில்லை என்று அவர் வெர்னியர் அளவுகோலை எடுக்கும் முன்பே முடிவு செய்திருப்பார். இங்கே என்னிடம் வரும் புதிய வடிவமைப்பாளர்களில் பெரும்பாலோருக்கு இல்லாதது அதுதான். கழுத்துப்பட்டி ஐந்து மில்லிமீட்டர் தள்ளிப் போனால் கலங்குவார்கள், தோள் மூட்டு இரண்டு சென்டிமீட்டர் தப்பாக இருப்பது கண்ணில் படாது.

இதைச் சொல்லும் தகுதி எனக்கு நஷ்டப்பட்டு வந்தது. 2011இல் ஒரு தோழியோடு சேர்ந்து சொந்தமாக நாற்பது ஜாக்கெட்டுகள் செய்தேன். ரப்பர் பூசிய துணி, முன்பக்கம் கனமான உலோகக் கொக்கிகள். பூச்சுத் துணியில் ஊசி ஒருமுறை குத்தினால் அந்தத் துளை குத்தியதுதான்; பிரித்துத் தைக்க வழியில்லை, குண்டூசி குத்தி வைக்கவும் கூடாது, கிளிப்தான் போட வேண்டும். இதெல்லாம் தெரிந்துதான் இறங்கினேன். ஆனால் தையலை உறுதியாக்குகிறேன் என்று நெருக்கமாகப் போடச் சொன்னேன். நெருக்கமான துளைகள் அஞ்சல்தலைத் தாளின் ஓரம் போலாகி, கொக்கியின் கனத்தில் வரிசையாகக் கிழிந்தன. ஏறத்தாழ நான்கு மில்லிமீட்டருக்கு ஒரு தையல் போட்டு, அடியில் ஒரு நாடா வைத்துக் கனத்தை நாடாவுக்கு மாற்றியிருக்க வேண்டும். வாங்கிய கடை முப்பத்தொரு ஜாக்கெட்டைத் திருப்பி அனுப்பியது. மீதி ஒன்பதுக்கும் பணம் வரவில்லை என்பது வேறு கதை. உங்கள் தார்ப்பாய் பிவிசி பூசியது போலத் தெரிகிறது. கோவை வெயிலில் அது குழைந்து கிடக்கும். இங்கே ஜனவரியில் பலகையாக விறைக்கும். அந்தக் கோட்டை ஓர் இரவு குளிர்ப்பெட்டியில் வைத்து, காலையில் எடுத்துப் போட்டுக்கொண்டு கையைத் தூக்கிப் பாருங்கள். வேறு எந்த ஆசிரியரும் தேவைப்படாது.

இன்னொன்றையும் இப்போதே அறிந்துகொள்ளுங்கள். ஊரில் முலாம் பூசும் பட்டறையில் கொக்கிக்கு நிக்கல் போட்டுப் பளபளக்கச் செய்திருக்கிறீர்கள். பிரிட்டனிலும் ஐரோப்பாவிலும், தோலில் நெடுநேரம் படும் ரிவிட், ஜிப், பொத்தான் போன்ற உலோகத்திலிருந்து வெளியேறும் நிக்கல், ஒரு சதுர சென்டிமீட்டருக்கு வாரம் 0.5 மைக்ரோகிராமைத் தாண்டக் கூடாது என்பது சட்டம். கல்லூரிக் காட்சியில் யாரும் கேட்க மாட்டார்கள். கொள்முதல் செய்யும் கடை சோதனைச் சான்று கேட்கும்.

இனி முதல் கேள்வி. மாணவர் விசாவில் இருக்கும்வரை நீங்கள் சொந்தத் தொழில் செய்யக் கூடாது. நிறுவனம் பதிவு செய்வது மட்டும்தான் தொழில் என்று பலர் நினைக்கிறார்கள். இன்ஸ்டாகிராமில் பத்துச் சட்டை விற்பதும், நண்பரின் தொகுப்புக்குக் கூலிக்குப் பேட்டர்ன் வெட்டித் தருவதும் அந்தக் கணக்கில்தான் வரும். சம்பள வேலை என்றால் பாடக் காலத்தில் வாரம் 20 மணி நேரம். முதுகலைக்குக் கோடைக்காலமும் பெரும்பாலும் பாடக் காலமே என்பதை மறக்க வேண்டாம். படிப்பு முடிந்து பட்டதாரி விசாவுக்கு மாறிய பிறகு சொந்தத் தொழில் செய்யலாம். அதன் காலம் இரண்டு ஆண்டுகளாக இருந்தது. 2027 ஜனவரி முதல் விண்ணப்பிப்பவர்களுக்கு 18 மாதங்கள் என்று குறைத்திருக்கிறார்கள். விதிகள் இங்கே அடிக்கடி மாறும். ஆகவே என் வார்த்தையை வைத்து எதையும் முடிவு செய்யாமல் அரசின் பக்கத்தில் ஒருமுறை சரிபாருங்கள்.

இந்த 18 மாதத்தை ஆடைத் தொழிலின் நாட்காட்டியோடு வைத்துப் பாருங்கள். லண்டன் ஃபேஷன் வீக் பிப்ரவரியிலும் செப்டம்பரிலும் நடக்கிறது. பிப்ரவரியில் காட்டுவது கடைக்குப் போவது கோடையின் பிற்பகுதியில். கடைக்காரர் பணம் தருவது சரக்கு போய்ச் சேர்ந்து 30 அல்லது 60 நாள் கழித்து. துணிக்கும் தையலுக்கும் நீங்கள் பணம் தர வேண்டியதோ அதற்கெல்லாம் முன்பு. ஆக, முதல் தொகுப்பின் காசு கைக்கு வரும்போது விசாவில் பாதிக்கு மேல் கரைந்திருக்கும். அதுவும் கடை உயிரோடு இருந்தால்தான். சிறிய வடிவமைப்பாளர்களின் சரக்கை நிறைய வாங்கிவந்த மேட்ச்சஸ் என்ற லண்டன் நிறுவனம் 2024 மார்ச்சில் நொடித்தபோது, பாக்கி வர வேண்டியிருந்த பலர் நடுத்தெருவில் நின்றார்கள். அன்று முதல் என்னிடம் வருபவர்களுக்கு நான் சொல்வது, ஆர்டர் எடுக்கும்போதே முப்பது சதவீதமாவது முன்பணம் கேளுங்கள் என்பதுதான். கேட்டால் ஆர்டர் போய்விடும் என்று பயப்படுகிறார்கள். முன்பணம் தராத ஆர்டர் போவது நல்லது.

ஆகவே முதல் 18 மாதத்தில் வேலைக்குப் போங்கள் என்பதே என் பதில். அதிலும் 'டிசைன் அசிஸ்டென்ட்' என்ற பெயருக்கு ஆசைப்படாமல், பேட்டர்ன் அறைக்கோ தயாரிப்புப் பிரிவுக்கோ போகப் பாருங்கள். வரைபவர்கள் இந்த ஊரில் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். கனமான துணியைத் தெரிந்து வெட்டுபவர்கள் மிகச் சிலர். பெயர்பெற்ற வடிவமைப்பாளர் அலெக்சாண்டர் மெக்வீன்கூடப் பள்ளியை விட்டதும் லண்டனின் தையற்காரர் தெருவான சாவில் ரோவில் ஆண்டர்சன் அண்ட் ஷெப்பர்ட் என்ற தையற்கடையில் கோட்டுத் தைக்கக் கற்றுவிட்டுத்தான் பின்னால் கல்லூரிக்குப் போனார். சம்பளமில்லாத 'இன்டர்ன்ஷிப்' என்று யாராவது அழைத்தால், அது உங்கள் படிப்பின் பகுதியாக இல்லாதபட்சத்தில், குறித்த நேரத்துக்கு வந்து குறித்த வேலையைச் செய்யச் சொல்பவர் குறைந்தபட்சக் கூலி தர வேண்டும் என்பதை நினைவில் வையுங்கள். 2025 ஏப்ரலில் அது 21 வயது நிறைந்தவர்களுக்கு மணிக்கு 12.21 பவுண்டு, ஏப்ரல்தோறும் மாறும். நம் பிள்ளைகள் இதைக் கேட்கக் கூச்சப்படுவார்கள். கூச்சப்பட்டதில் நான் இழந்தது ஏழு மாதக் கூலி.

அந்த வேலைக்கு நடுவே, ஒரே ஒரு உடையைத் திரும்பத் திரும்பச் செய்து தேற்றுங்கள். தொகுப்பு வேண்டாம், ஒரு ஜாக்கெட் போதும். அது தேறிய பிறகு போய்ப் பார்க்க வேண்டிய கதவுகள் சில உண்டு. புதிய வடிவமைப்பாளர்களைத் தூக்கிவிட பிரிட்டிஷ் ஃபேஷன் கவுன்சில் 1993 முதல் நடத்தும் நியூஜென் திட்டம், அதே நோக்கில் லூலூ கென்னடி 2000இல் தொடங்கிய ஃபேஷன் ஈஸ்ட், ஹேகர்ஸ்டனில் குறைந்த வாடகைக்கு வேலைக்கூடம் தரும் மெக்வீனின் சாராபாண்ட் அறக்கட்டளை ஆகியவை அவை. நீங்கள் தங்கிவிட நினைத்தால், துறையில் திறமையைச் சான்றோடு காட்டுபவர்களுக்கு குளோபல் டேலண்ட் விசா என்று ஒன்று இருக்கிறது. ஆடை வடிவமைப்பாளர்களின் விண்ணப்பத்தை மதிப்பிடுவதும் அதே ஃபேஷன் கவுன்சில்தான். அதற்கு வேண்டிய சான்றுகள் ஒரே மாதத்தில் சேராது. இன்று முதல் ஒவ்வொரு பத்திரிகைக் குறிப்பையும், ஒவ்வொரு அழைப்புக் கடிதத்தையும் ஒரு கோப்பில் போட்டுவையுங்கள்.

தயாரிப்பை ஊரிலேயே செய்துவிடலாம் என்று எழுதியிருந்தீர்கள். எனக்கும் ஆசைதான். ஆனால் திருப்பூர் பனியன் துணிக்கான ஊர். அங்கே உள்ள ஓவர்லாக், ஃபிளாட்லாக் தையல் இயந்திரங்களும் பவர்டேபிள் என்னும் கூலித் தையல் கூடங்களும் கனத்த நெசவுத் துணி ஜாக்கெட்டுக்கு ஏற்றவை அல்ல. நெசவுத் துணிக்குச் சென்னையிலும் பெங்களூரிலும் ஆட்கள் இருக்கிறார்கள்; அவர்கள் முப்பது உருப்படிக்கு லைன் ஓட்ட மாட்டார்கள். முதல் இரண்டு பருவத்துக்கு டாட்டன்ஹாம், ஹாரிங்கே பக்கம் துருக்கியரும் சைப்ரஸ்காரர்களும் நடத்தும் சிறிய யூனிட்டுகளைப் பாருங்கள். விலை கூடுதல்தான்; ஆனால் தப்பு நடந்தால் பேருந்து ஏறிப் போய்ப் பார்த்துவிடலாம். கொக்கியை மட்டும் ஊரில் செய்யுங்கள். அதை உங்கள் அப்பாவைப் போல் செய்ய இங்கே ஆள் கிடையாது.

ஊரைப் பற்றிய ஏக்கம், குளிர், சாப்பாடு பற்றியெல்லாம் நீங்கள் கேட்கவில்லை. ஈஸ்ட் ஹாமில் நல்ல தோசை கிடைக்கும் என்பதோடு நானும் விட்டுவிடுகிறேன்.

அடுத்து ஊரிலிருந்து யாராவது வரும்போது, நிக்கல் முலாம் பூசாமல், துருப்பிடிக்காத எஃகில் நான்கு கொக்கிகளை அப்பாவைச் செய்து அனுப்பச் சொல்லுங்கள். இப்போது இருப்பதன் கனத்தில் பாதி இருந்தால் போதும். அவற்றையும் அந்தக் கோட்டையும் எடுத்துக்கொண்டு ஒரு சனிக்கிழமை என் வேலைக்கூடத்துக்கு வாருங்கள். பன்னிரண்டைக் கழற்றிவிட்டு, நான்கையும் எங்கே வைப்பது என்று உட்கார்ந்து பார்ப்போம்.

அன்புடன்,
அக்கா