திவி தீவுக்கு ஒரு நாள் டூர் போனால் பூர்வகுடி மக்களின் வாழ்க்கை தெரியுமா, இல்லை எல்லாம் நமக்காகப் போடும் நாடகமா?

கேள்வி கேட்டவர் ஆஸ்திரேலியாவின் வடக்குக் கரையில் இருக்கும் டார்வின் நகருக்கு மூன்று நாள் வருகிறாராம். அதில் ஒரு நாளை திவி தீவுகளுக்கு ஒதுக்கலாமா, பத்து வயது மகனையும் கூட்டிப் போகலாமா என்று கேட்டிருக்கிறார். நான் டார்வினில் நான்கு வருடமாக இருக்கிறேன். போன வறண்ட பருவத்தில் ஊரிலிருந்து வந்திருந்த அம்மாவையும் அழைத்துக்கொண்டு அந்த டூர் போய்வந்தேன். போகலாம், தாராளமாகப் போகலாம். ஆனால் எதை எதிர்பார்த்துப் போகிறீர்கள் என்பதைக் கொஞ்சம் சரிசெய்துகொண்டு போனால் நல்லது.

முதலில் பெயர். ஆங்கிலத்தில் சொல்லும்போது நம் காதுக்கு 'டிவி' என்றே விழும். அம்மா இரண்டு நாள் "டிவி தீவுக்கு எப்பப் போறோம்?" என்றுதான் கேட்டுக்கொண்டிருந்தார். நான் இங்கே திவி என்றே எழுதுகிறேன். அவர்கள் மொழியில் அதற்கு 'மக்கள்', 'நாங்கள்' என்பது போலப் பொருள். ஆஸ்திரேலியாவில் தீவு என்றதும் பலர் டோரஸ் நீரிணைத் தீவுகளை நினைத்துக்கொள்கிறார்கள். அது குயின்ஸ்லாந்துக்கு மேலே, வேறு மக்கள், வேறு கதை. இது டார்வினுக்கு வடக்கே சுமார் 80 கிலோமீட்டரில் இருக்கும் பாதர்ஸ்ட், மெல்வில் என்ற இரண்டு பெரிய தீவுகள். நடுவில் ஆப்ஸ்லி நீரிணை ஓடுகிறது. டாஸ்மேனியாவை விட்டால் ஆஸ்திரேலியாவின் பெரிய தீவு மெல்வில்தான். ஒரு நாள் டூர் போகிறவர்கள் பார்ப்பது பாதர்ஸ்டின் தென்கிழக்கு முனையில் இருக்கும் வுருமியாங்கா என்ற ஒரே ஓர் ஊரை. 2010 வரை அதற்கு நுயு என்று பெயர். ஆக, நீங்கள் ஒரு தீவுக்கூட்டத்தைப் பார்க்கப் போவதில்லை, ஓர் ஊரின் சில தெருக்களைப் பார்க்கப் போகிறீர்கள். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

கல்லன் பே துறையிலிருந்து காலையில் ஃபெர்ரி. இரண்டரை மணி நேரம் ஆகும். அம்மா முதல் அரை மணி நேரம் டால்ஃபின் தெரியுமா என்று பார்த்துக்கொண்டிருந்தார், அடுத்த இரண்டு மணி நேரம் பிளாஸ்டிக் பையைப் பார்த்துக்கொண்டிருந்தார். வாந்தி மாத்திரையை வீட்டிலேயே போட்டுக்கொண்டு கிளம்புங்கள். படகில் ஏறிய பிறகு போட்டால் வேலைக்கு ஆகாது.

கரையில் இறங்கியதும் ஒரு திவி அம்மாள்தான் வழிகாட்டி. அவர் முதலில் சொன்னதே, "டிஜரிடூ கேட்க வந்திருந்தால் தப்பான இடத்துக்கு வந்துவிட்டீர்கள்" என்பதுதான். அந்த நீளமான ஊதுகுழல் திவிக்காரர்களின் மரபில் கிடையாது. கைதட்டு, தொடைதட்டு, குரல், அவ்வளவுதான். கடல் மட்டம் உயர்ந்து இந்தத் தீவுகள் நிலப்பரப்பிலிருந்து பிரிந்து ஆயிரக்கணக்கான ஆண்டுகள் ஆகின்றன. அதனால் அவர்களுடைய மொழிக்கும் பக்கத்தில் உறவு மொழி என்று சொல்ல எதுவும் இல்லை, சடங்குகளும் தனி. டார்வின் விமான நிலையக் கடையில் 'பூர்வகுடி' என்று பொதுவாக ஒட்டியிருக்கும் எல்லாவற்றையும் மறந்துவிட்டுத்தான் இங்கே தொடங்க வேண்டும்.

ஒரு பெரிய மரத்தடியில் பாய் விரித்து நாலைந்து பெண்கள் உட்கார்ந்து கைவேலை செய்துகொண்டிருந்தார்கள். எங்களுக்கு டீயும் டாம்பர் என்கிற ரொட்டியும் கொடுத்தார்கள். பச்சை இலைகளை நெருப்பில் போட்டுப் புகைமூட்டி, அந்தப் புகைக்குள் எங்களை நடக்கவைத்தார்கள். அப்புறம் ஆட்டம். யோயி என்கிறார்கள். ஒவ்வொருவரும் அவரவர் குடும்பத்துக்கு உரிய ஆட்டத்தை மட்டும் ஆடுகிறார்கள்: ஒருவருக்கு முதலை, ஒருவருக்குச் சுறா. அந்த ஆட்டம் அப்பா வழியில் வருவது. யாரை மணக்கலாம், யாரை மணக்கக் கூடாது என்று தீர்மானிக்கும் குலம் அம்மா வழியில் வருவது. மொத்தம் நான்கு குலங்கள். "அப்போ ரெண்டு பக்கமும் விட்டுக்கொடுக்காம வச்சிருக்காங்க" என்றார் அம்மா.

எனக்கு மிகவும் பிடித்தது எருமை ஆட்டம். எருமை இந்தத் தீவின் விலங்கே இல்லை. 1824இல் ஆங்கிலேயர்கள் மெல்வில் தீவில் ஃபோர்ட் டண்டாஸ் என்று ஒரு கோட்டை கட்டினார்கள். தீனிக்காகத் திமோரிலிருந்து எருமைகளைக் கொண்டுவந்து இறக்கினார்கள். திவிக்காரர்களின் எதிர்ப்பு, காய்ச்சல், பசி எல்லாம் சேர்ந்து ஐந்தே வருடத்தில் கோட்டையைப் போட்டுவிட்டு ஓடினார்கள். வெள்ளைக்காரன் போய்விட்டான், எருமை தங்கிவிட்டது. இன்றைக்கு அது சில குடும்பங்களின் சொந்த ஆட்டம். கையை விரித்துக் கொம்பாக வைத்துக்கொண்டு, காலால் மண்ணைச் சீய்த்து, தலையை ஆட்டி ஒரு பெரியவர் ஆடினார் பாருங்கள், எங்கள் ஊர்க் குளத்தங்கரை எருமை அப்படியே எழுந்து வந்தது போல இருந்தது. கலாசாரம் என்றால் கலப்பே இல்லாத பழைய சாமான் என்று நினைத்துக்கொண்டு போகிறவர்கள் இந்த ஆட்டத்தை நன்றாகப் பார்க்க வேண்டும்.

பட்டாகிஜியாலி என்று ஒரு சின்ன அருங்காட்சியகம் இருக்கிறது. அங்கே புருக்குபார்லியின் கதையைச் சொன்னார்கள். திவி மக்களுக்கு எல்லாம் தொடங்குகிற கதை அது. புருக்குபார்லியின் மனைவி பீமா. அவளுக்கும் கணவனின் தம்பி தபாராவுக்கும் உறவு. ஒரு நாள் குழந்தை ஜினானியை நிழலில் படுக்கவைத்துவிட்டு அவனோடு காட்டுக்குள் போகிறாள். நேரம் போகிறது, நிழல் நகர்கிறது, வெயிலில் குழந்தை செத்துப்போகிறது. தபாரா, "பிள்ளையை என்னிடம் கொடு, மூன்று நாளில் உயிரோடு தருகிறேன்" என்கிறான். புருக்குபார்லி கொடுக்கவில்லை. இருவரும் அடித்துக்கொள்கிறார்கள். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கடலுக்குள் இறங்குகிறான் தகப்பன். "என் மகன் செத்தது போல இனி எல்லோரும் சாவார்கள்" என்கிறான். அன்றிலிருந்துதான் உலகத்தில் சாவு. தபாரா நிலாவாகிவிட்டான். அவன் மட்டும் மூன்று நாள் செத்துத் திரும்பி வருகிறான். நிலாவில் தெரியும் கறைகள் அண்ணன் அடித்த காயங்கள். பீமா கர்லூ பறவையாகி இரவெல்லாம் அழுகிறாள்.

டார்வினில் இருக்கிறவர்களுக்கு அந்தப் பறவையைத் தெரியும். நடுராத்திரியில் குழந்தை வீறிடுவது போல, பெண் ஒப்பாரி வைப்பது போலக் கத்தும். வந்த முதல் வாரம் நான் போலீஸைக் கூப்பிடலாமா என்றுகூட யோசித்திருக்கிறேன். நான்கு வருடம் அதைச் சனியன் பிடித்த பறவை என்று திட்டிக்கொண்டிருந்தேன்.

சாவு வந்தபின் முதல் ஈமச் சடங்கையும் புருக்குபார்லிதான் ஏற்படுத்தினான் என்கிறார்கள். அதுதான் புக்குமானி. புதைத்துச் சில மாதங்கள் கழித்து, செதுக்கி வண்ணம் தீட்டிய பெரிய மரக்கம்பங்களைக் கல்லறையைச் சுற்றி நட்டு, ஆடிப் பாடி இறந்தவரை அனுப்பிவைக்கும் சடங்கு. இந்தக் கம்பங்களை நான் முதலில் பார்த்தது சிட்னியில், நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடத்தில். அங்கே பதினேழு கம்பங்கள் இருக்கின்றன. 1958இல் மெல்வில் தீவின் மிலிகாபிட்டி ஊர்க்காரர்கள் செதுக்கியவை. வண்ணம் மங்காமல், ஏசியில், பளிச்சென்று நிற்கின்றன. தீவில் அப்படி இல்லை. வெயிலிலும் மழையிலும் வெளுத்து, வெடித்து, கரையான் ஏறிச் சாய்ந்து கிடக்கின்றன. "யாரும் பராமரிப்பதில்லையா?" என்று நான் கேட்டுவைத்தேன். வழிகாட்டி என்னை ஒரு மாதிரி பார்த்தார். அவை மட்கிப் போவதற்காகவே நடப்பட்டவை, சரிசெய்யக் கூடாது என்றார். அசட்டுக் கேள்வி போதாதென்று, அவர் முன்பே படம் எடுக்க வேண்டாம் என்று சொல்லியிருந்ததை மறந்து போனையும் தூக்கிவிட்டேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை, என் கையை மெதுவாகக் கீழே இறக்கிவிட்டார். இன்னும் கூச்சமாக இருக்கிறது.

நிலைமையைக் காப்பாற்றியது அம்மா. ஒருவர் இறந்துவிட்டால் அவர் பெயரை நெடுநாள் யாரும் உச்சரிக்கக் கூடாது என்று வழிகாட்டி விளக்கிக்கொண்டிருந்தார். அதே பெயர் வைத்திருக்கிற இன்னொருவரை வேறு பெயரால் கூப்பிட வேண்டுமாம். நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் அம்மா, "இதுல என்ன இருக்கு? உங்கப்பா பேரை அவர் உயிரோட இருந்தப்பவே நான் சொன்னதில்லையே. உங்க பெரியப்பாவுக்கும் அதே பேர்ங்கறதால அவரையும் 'பெரியவர்'னுதானே சொல்லுவேன்" என்றார். அதை நான் ஆங்கிலத்தில் சொல்ல, அந்த அம்மாள் அப்படியே நின்றுவிட்டார். "பிறகு எப்படிக் கூப்பிடுவீர்கள்?" என்றார். "ஏங்க!" என்றார் அம்மா. அதை எப்படி மொழிபெயர்ப்பது? நான் திணறிக்கொண்டிருக்கும்போதே அவர் "ஏங்க, ஏங்க" என்று இரண்டு முறை சொல்லிப் பார்த்துச் சிரித்தார். அதற்கப்புறம் அவர்கள் இருவரும் முன்னால் நடந்தார்கள், நான் பின்னால் பையைத் தூக்கிக்கொண்டு போனேன்.

ஊரின் மறுபாதி கத்தோலிக்க மிஷன். 1911இல் கிசெல் என்ற பிரெஞ்சுப் பாதிரியார் தொடங்கியது. மரத்தாலான பழைய தேவாலயத்தின் உள்ளே திவி ஓவியங்கள். இந்தப் பாதிரியாருக்கு '150 மனைவிகள் கொண்ட பிஷப்' என்று ஒரு பட்டப்பெயர் உண்டு. அங்கே பெண் குழந்தைகளைப் பிறந்ததுமே வயதான ஆண்களுக்கு நிச்சயித்துவிடும் வழக்கம் இருந்தது. இவர் துணி, மாவு, கத்தி, புகையிலை என்று கொடுத்து அந்தப் பெண்களை 'வாங்கி', மிஷனில் வளர்த்து, பிறகு தங்களுக்குப் பிடித்த பையனைக் கட்டிக்கொள்ளவிட்டார். நல்லதா கெட்டதா? எனக்கு இன்னும் பிடிபடவில்லை. கிழவனுக்கு வாழ்க்கைப்படாமல் தப்பிய பெண்ணுக்கு நல்லதுதான். ஆனால் அதே மிஷன்தான் பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்து விடுதியில் அடைத்தது. எதிரே மெல்வில் தீவின் கார்டன் பாயிண்டில், 1940களில், பெரிய நிலப்பரப்பிலிருந்து பிடித்துவந்த கலப்பினக் குழந்தைகளுக்கென்றே ஒரு மிஷன் இருந்தது. டூரில் இதைப் பற்றி அதிகம் பேசமாட்டார்கள். நீங்கள் கேட்டால் பேசுவார்கள்.

போர்க் கதையும் உண்டு. 1942 பிப்ரவரி 19 அன்று ஜப்பானிய விமானங்கள் டார்வினை நோக்கிப் பறந்ததைப் பார்த்து இந்த மிஷனிலிருந்துதான் ரேடியோவில் எச்சரித்தார்கள். டார்வினில் யாரும் பொருட்படுத்தவில்லை. அன்று மெல்வில் தீவில் விழுந்த விமானத்தின் ஓட்டியைப் பிடித்துக் கொடுத்தவர் மத்தியாஸ் உலுங்குரா என்ற திவி இளைஞர். ஆஸ்திரேலிய மண்ணில் பிடிபட்ட முதல் ஜப்பானியப் போர்க்கைதி அந்த விமானிதான்.

கடைசியாகக் கலைக்கூடம். திவி டிசைன் என்று பெயர், 1960களின் இறுதியிலிருந்து இயங்குகிறது. துணி அச்சு, செதுக்கிய பறவைகள், ஓவியங்கள். மரச் சீப்பு ஒன்றைக் காவிக் குழம்பில் தோய்த்து ஒரே அழுத்தில் ஒரு வரிசைப் புள்ளி வைக்கிறார்கள். அம்மா உடனே "கோலம்!" என்றார். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்தக் கோடும் புள்ளியும் முதலில் உடம்பில் தீட்டியவை, அதுவும் சாவுச் சடங்கில், இறந்தவரின் ஆவி தங்களை அடையாளம் கண்டுகொள்ளக் கூடாது என்பதற்காக. நாம் லட்சுமி உள்ளே வரட்டும் என்று போடுகிறோம், அவர்கள் வந்தவர் நம்மைத் தெரிந்துகொள்ளாமல் போகட்டும் என்று போடுகிறார்கள். வாங்குவதென்றால் இங்கேயே வாங்குங்கள். செய்தவர் பெயரோடு கிடைக்கும், அவரே பக்கத்தில் உட்கார்ந்திருப்பார். பேரம் பேசாதீர்கள். (நான் பேசவில்லை. அம்மா பேசப் பார்த்தார்.)

சரி, நாடகமா? புகை, ஆட்டம், டீ எல்லாம் எங்களுக்காக ஏற்பாடு செய்ததுதான். அதில் ரகசியம் ஒன்றும் இல்லை. ஆனால் நம் வீட்டுக்கு விருந்தாளி வந்தால் நாமும் கூடத்தில்தான் உட்காரவைப்போம், சமையலறையைத் திறந்து காட்டமாட்டோம். எதைக் காட்டுவது, எங்கே நிறுத்துவது என்பதை அங்கே அவர்கள்தான் முடிவு செய்கிறார்கள். நிலம் அவர்களுடையது, பெர்மிட் இல்லாமல் யாரும் கால் வைக்க முடியாது. டூரில் போனால் பெர்மிட்டை டூர்க்காரர்களே பார்த்துக்கொள்வார்கள். மார்ச் மாதம் நடக்கும் கால்பந்து இறுதிப்போட்டி நாளில் மட்டும் பெர்மிட் தேவையில்லை. ஆஸ்திரேலியக் கால்பந்து அங்கே இன்னொரு மதம். பெயர்பெற்ற ஆட்டக்காரர்களான மாரிஸ் ரியோலி, சிரில் ரியோலி எல்லாம் அந்த மண்ணின் குடும்பம்தான்.

தொப்பி, தண்ணீர், கொசு மருந்து கட்டாயம். மது கொண்டுபோகக் கூடாது. கடல் பார்க்க அழகாக இருக்கும், காலை நனைக்க நினைக்காதீர்கள், முதலை உண்டு. சைவம் என்றால் பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள். நாங்கள் சொல்ல மறந்ததில் அம்மாவுக்கு டாம்பரும் வாழைப்பழமும்தான் மதியச் சாப்பாடு.

பையனைக் கூட்டிப் போங்கள். எங்களோடு வந்த ஒரு சிறுமி மண்டபத்தில் தூங்கிவிட்டாள், ஆட்டத்தின்போது மட்டும் எழுந்து கடைசிவரை முதலையாகத் திரிந்தாள். உங்கள் பையனையும் நடுவில் இழுத்துவிடுவார்கள், வெட்கப்பட்டால் விட்டுவிடுவார்கள். புருக்குபார்லி கதையை மட்டும் நீங்களே முதலில் ஒருமுறை சொல்லிவைத்துவிடுங்கள். அன்று ராத்திரி ஹோட்டல் ஜன்னலுக்கு வெளியே அந்தப் பறவை கத்தினால் பயப்படாமல் இருப்பான்.