வாசகர் கேள்வி – பதில்: நில்ஸ் பொப்பேயின் கால்கள்

கேள்வி: சுவீடன் இயக்குநர் இங்மர் பெர்க்மனின் ‘ஏழாவது முத்திரை’ படத்தில் மனைவி, கைக்குழந்தையோடு வண்டியில் ஊரூராகப் போகும் கூத்தாடி, சுவீடனில் பெரிய பகிடி நடிகராம். உண்மையா?
– வாசகி, உப்புவெளி

பதில்: உண்மைதான். அவர் நில்ஸ் பொப்பே. 1908 மே 31இல் மால்மோவில் பிறந்தவர். 1956 கோடையில் பெர்க்மன் படப்பிடிப்பு நடத்தியபோது அவருக்கு வயது 48. சுவீடனில் அவரைத் தெரியாத வீடு அன்று அரிது.

அந்தப் பெயரை வாங்கித் தந்தது ஃபாபியன் பொம் என்ற பாத்திரம். 1948இல் ‘சிப்பாய் பொம்’ வந்தது. பிறகு சுங்கத்தில் ஒரு பொம், விமானப்படையில் ஒரு பொம் என்று தொடர்ந்தன. 1953இல் வந்த ‘டும்பொம்’ என்ற பெயரே சிலேடை. சுவீடிஷில் அச்சொல்லுக்கு ‘மடையன்’ என்று பொருள். பொம் விதியை மீறுகிறவன் அல்லன். சட்டப்புத்தகத்தை எழுத்துக்கு எழுத்துக் கடைப்பிடிப்பவன். குழப்பமெல்லாம் அதில்தான் பிறக்கும். ஒரு முத்திரை குறைந்ததற்காகக் கச்சேரியில் படிவம் திரும்பி வரக் கண்ட நமக்கு அவனை விளக்கவே தேவையில்லை.

பெர்க்மன் வந்துதான் ஒரு கோமாளியை நடிகனாக்கினார் என்று சொல்வதை நாம் ஏற்கவில்லை. சாராயக் கடைக் காட்சியைப் பாருங்கள். பொப்பே நடிக்கும் கூத்தாடி யோஃபை மேசைமேல் ஏற்றி, கரடிபோல ஆடச் சொல்லி வதைக்கிறார்கள். பொம் படங்களில் பார்த்த அதே துள்ளல், அதே வளையும் முழங்கால். சிரிப்புக்காகப் பழகிய உடம்பு இங்கே மூச்சு வாங்குகிறது. சுற்றி இருப்பவர்கள் சிரிக்கிறார்கள், நமக்குச் சிரிப்பு வருவதில்லை. புதிதாக எதையும் அவர் கற்கவில்லை. கையிலிருந்ததையே வேறு இடத்தில் வைத்தார்.

கேள்வி: அதற்குப் பிறகு அவர் கனமான படங்களுக்கே போய்விட்டாரா?
– மாணவர், நிலாவெளி

பதில்: இல்லை. 1960இல் பெர்க்மனின் ‘சாத்தானின் கண்’ படத்தில் பாதிரியாராக நடித்தார். 1966 முதல் ஹெல்சிங்போரியின் ஃபிரெட்ரிக்ஸ்டால் திறந்தவெளி அரங்கை 25 ஆண்டுகளுக்கு மேல் நடத்தினார். கோடைதோறும் நகைச்சுவை நாடகம். தொலைக்காட்சியும் அவற்றை வீடுகளுக்குக் கொண்டுபோனது. 2000 ஜூன் 28இல் அதே நகரில் காலமானார்.

கேள்வி: எங்கள் கழகம் ‘ஏழாவது முத்திரை’யைத் தமிழ் வசனவரியோடு முற்றத்தில் திரையிட எண்ணுகிறது. எதைக் கவனிக்க வேண்டும்?
– நாடகக் கழகம், உவர்மலை

பதில்: முதலில் பொதுத் திரையிடலுக்கு உரிமம் வாங்குங்கள். அடுத்தது படத்தின் அளவு, பெரும்பாலும் பிழைக்கும் இடம் இதுதான். படம் 1.37:1 என்ற அகல-உயர விகிதத்தில் எடுக்கப்பட்டது. உங்கள் திரை 16:9 ஆக, 8 அடி அகலம், 4½ அடி உயரம் என்றால், படம் ஏறக்குறைய 6 அடி 2 அங்குலம் அகலத்தில் நிற்க வேண்டும். இரு பக்கமும் 11 அங்குலம் கறுப்பாகவே இருக்கட்டும். புரொஜெக்டரில் படத்தைத் திரை நிறைய இழுக்கும் ‘ஃபுல்’ போட்டால் ஆள் 30 சதவீதம் பருத்துவிடுவார். படத்தைப் பெருப்பிக்கும் ‘சூம்’ இன்னும் கேடு: மேலும் கீழுமாகக் கிட்டத்தட்ட கால்வாசிப் படம் போய்விடும். பொப்பேயின் பாதத்தை வெட்டினால் கரடி ஆட்டத்தில் என்ன மிஞ்சும்? நேர்பக்கமாகத் தெரியும் வண்டிச் சக்கரத்தில் படத்தை நிறுத்தி, அளவு நாடாவால் அகலமும் உயரமும் அளந்து பாருங்கள். இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டும்.

ஓடும் நேரம் 96 நிமிடம். பழைய ஐரோப்பிய டிவிடி என்றால் 92 நிமிடத்தில் முடியும், ஏனெனில் நொடிக்கு 24 படச் சட்டங்களை (ஃபிரேம்) 25 ஆக ஓட்டுகிறது. 96 நிமிடப் பிரதிக்குச் செய்த வசனவரியை அதில் போட்டால் கடைசியில் 4 நிமிடம் பிந்தும்.

வசனவரி இரண்டு வரிக்கு மேல் வேண்டாம். கேள்வியையும் பதிலையும் ஒரே தடவையில் காட்டாதீர்கள்; நடிகர் வாய் திறக்குமுன் சபை சிரித்துவிடும். கோப்பை யுஎஸ்பியில் தொலைக்காட்சிக்கோ புரொஜெக்டருக்கோ நேராகக் கொடுத்தால், ‘கொ’, ‘போ’ போன்ற எழுத்துகளில் கொம்பு தனியே பிரிந்து நிற்கலாம், அல்லது வெறும் கட்டங்கள் வரலாம். கணினியில் யூனிகோட் எழுத்துருவோடு வரிகளைப் படத்திலேயே பதித்துவிடுவது பாதுகாப்பு.

ஆடி மாதமென்றால் கச்சான் காற்று இருக்கும். துணித் திரையின் கீழ் விளிம்பை மடித்துத் தைத்து உள்ளே இரும்புக் குழாய் ஒன்றைச் செருகுங்கள். பக்க விளிம்புகளில் அடிக்கு ஒரு கண்ணி வைத்து இழுத்துக் கட்டுங்கள். நன்றாக இருட்டிய பிறகே, 7.15 மணியளவில் தொடங்குங்கள். கறுப்பு வெள்ளைப் படத்தில் மங்கல் வெளிச்சம் முதலில் விழுங்குவது முகத்து நிழல்களைத்தான்.